54 நிமிடத்தில் ஒரு சுரம்

மண்ணிசைக் கழகம் என்று ஒன்று எந்த ஊரிலும் இல்லை. இருந்தால் எப்படி இருக்கும் என்று யோசித்து அவ்வப்போது நோட்டில் எழுதி வைத்தவை இவை. கட்டடத்தைப் பற்றி அதிகம் எழுதவில்லை. தாழ்ந்த கூரை, சாணம் மெழுகிய தரை, சுவரோரம் சுருட்டி வைத்த பாய்கள். மேடை கிடையாது. பாடுவது பூமி. கேட்பவர்கள் உட்காரத் தரை இருந்தால் போதும்.

முதல் நாள் பாடம் ஒரே ஒரு சுரம். அதன் ஒரு அசைவு முடிய 54 நிமிடம் ஆகும்.

*

பெரிய நிலநடுக்கம் வரும்போது அதிர்ச்சி அந்த வட்டாரத்தோடு நிற்பதில்லை. பூமி முழுவதும் ஒரே உடலாக அசையத் தொடங்குகிறது. அந்த அசைவுகளில் மிகத் தாழ்ந்தது இப்படி நடக்கும்: உருண்டை ஒரு பக்கமாக நீண்டு முட்டை வடிவம் கொள்ளும், பிறகு அமுங்கித் தட்டையாகும், மறுபடி நீளும். இந்த ஒரு சுற்றுக்குத்தான் 54 நிமிடம். வடிவம் மாறாமல் மொத்த உருண்டையும் விரிந்து சுருங்குகிற அசைவும் உண்டு. அதற்கு இருபது நிமிடத்துக்குச் சற்று மேல் பிடிக்கும். இந்த இரண்டுக்கும் மேலே நூற்றுக்கணக்கான சுரங்கள் இருக்கின்றன.

யாரும் கேட்பதற்கு முன்பே இதைக் கணக்குப் போட்டுப் பார்த்தவர் உண்டு. பூமி அளவுக்கு எஃகு உருண்டை ஒன்று இருந்தால் அது அசைய ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஆகும் என்று 1911-ல் ஆங்கிலேயக் கணித அறிஞர் லவ் எழுதினார். 1952-ல் கம்சாத்காவில் பெரிய நிலநடுக்கம் வந்தபோது, நிலநடுக்க ஆய்வாளர் ஹியூகோ பெனியாஃப் தன் கருவியின் பதிவில் 57 நிமிட அசைவு ஒன்று தெரிவதாகச் சந்தேகித்தார். 1960 மே 22 அன்று சிலியில் 9.5 அளவில் நிலம் அதிர்ந்த பிறகுதான் சந்தேகம் தீர்ந்தது. வெவ்வேறு ஊர்களில் வெவ்வேறு கருவிகள் ஒரே சுரங்களைப் பதிவு செய்திருந்தன. கணக்கிலிருந்து காதுக்கு வர 49 வருடம். இந்த ஆண்டுகளையே கழகத்தின் வாசல் சுவரில் எழுதி வைக்க ஆசை.

*

காதுக்கு என்று எழுதிவிட்டேன். நம் காது வினாடிக்கு 20 அதிர்வுக்குக் கீழே எதையும் சுரமாக எடுத்துக்கொள்ளாது. 54 நிமிட அசைவை ஒரு ஸ்தாயி உயர்த்தினால் 27 நிமிடம். இன்னும் ஒரு ஸ்தாயி உயர்த்தினால் பதின்மூன்றரை நிமிடம். இப்படி 16 ஸ்தாயி ஏறிய பிறகுதான் நம் கேள்வியின் அடிப்படியைத் தொடும். மனிதக் காதின் மொத்த வீச்சே சுமார் பத்து ஸ்தாயிதான். 20 ஸ்தாயி உயர்த்தினால் வினாடிக்கு சுமார் 324 அதிர்வு வரும். மூன்று கட்டை சுருதியில் பாடுகிறவரின் மேல் ஷட்ஜத்துக்கு ஒரு இழை கீழே.

நிலநடுக்கப் பதிவுகளை இப்படி வேகப்படுத்திக் கேட்கும்படி செய்தவர்கள் பலர். கேட்டிருக்கிறேன். தொலைவில் கதவு சாத்தும் ஓசையும், சில இடங்களில் மழைக்கு முந்தைய உறுமலும் வரும். விஞ்ஞானிகளுக்கு அதனால் பயன் உண்டு, அதில் எனக்குக் குறையொன்றும் இல்லை. ஆனால் கழகத்தின் முதல் வருடத்தில் அதற்கு இடம் தரமாட்டேன். பூமியைப் பத்து லட்சம் மடங்கு அவசரப்படுத்தினால்தான் அது நம் சுருதிக்கு வரும். அதன் குணத்தில் முதன்மையானது நிதானம். அதைக் கழற்றி வைத்துவிட்டுக் கேட்டால் எதைக் கேட்டோம்? முதல் வருட மாணவர் 54 நிமிடம் பாயில் உட்கார்ந்திருக்க வேண்டும். ஒன்றும் கேட்காது. கீழே ஒரு அசைவு நீண்டு, அமுங்கி, மறுபடி நீளும் காலம் எவ்வளவு என்பது மட்டும் உடம்புக்குத் தெரியவரும். கால் மரத்துப்போகும், பசிக்கும், வாசலில் வெயில் நகர்ந்திருக்கும். அந்த நேரத்தின் நீளந்தான் பாடம்.

வானியலாளர் கெப்ளரும் இதை ஒத்துக்கொள்வார் என்று நினைக்கிறேன். 1619-ல் வந்த தன் நூலில் கோள்களின் வேகத்தைச் சுரங்களாக எழுதினார். பூமிக்கு அவர் கொடுத்தது அரைச்சுர இடைவெளி, 16க்கு 15 என்ற விகிதம். நம் கணக்கில் ஷட்ஜத்திலிருந்து சுத்த ரிஷபம், அல்லது அந்தர காந்தாரத்திலிருந்து சுத்த மத்திமம். சூரியனை நெருங்கும்போது மேலே, விலகும்போது கீழே. ஒரு கமகத்துக்கு ஒரு வருடம். இது காதால் கேட்பதில்லை, அறிவால் கேட்பது என்று அவரே சொன்னார்.

*

இனி எழுத வேண்டியதைப் பல நாள் தள்ளிப்போட்டேன். எழுதாமல் இந்த நோட்டைத் தொடர முடியாது.

2004 டிசம்பர் 26, இந்திய நேரம் காலை 6.29. சுமத்ராவுக்கு மேற்கே கடலடியில் 1,300 கிலோமீட்டர் நீளத்துக்கு நிலம் பிளந்துகொண்டு போனது. பத்து நிமிடத்துக்குள் அதிர்வு சென்னையை எட்டியது, உணர்ந்தவர்கள் இருக்கிறார்கள். அன்று பூமியில் அசையாத இடம் என்று ஒன்றும் இல்லை. உலகம் முழுவதும் தரை ஒரு சென்டிமீட்டராவது ஏறி இறங்கியது. அதுவரை இருந்த கருவிகளில் எதற்கும் கிடைக்காத துல்லியத்தோடு பூமியின் சுரங்கள் பதிவாயின. சிலி நிலநடுக்கத்துக்குப் பிறகு அறிவியல் காத்திருந்த பதிவு அதுதான்.

நாகப்பட்டினம் கரையில் அலை ஏறியது ஒன்பது மணியை ஒட்டி. கணக்குப் போட்டுப் பார்த்தேன். 6.29-க்குத் தொடங்கிய முதல் அசைவு 7.23-க்கு முடிகிறது. இரண்டாவது 8.17-க்கு. மூன்றாவது பாதிக்கு மேல் போய்க்கொண்டிருக்கிறது. அந்த நேரம் முழுவதும் அக்கரைப்பேட்டையில், கீச்சாங்குப்பத்தில், வேளாங்கண்ணியில் மனிதர்கள் நின்ற தரை அந்தச் செய்தியைத் தாங்கிக்கொண்டுதான் அசைந்தது. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. மீன் பிரித்துக்கொண்டிருந்தார்கள், பிள்ளைகள் கரையில் விளையாடினார்கள், வேளாங்கண்ணியில் வெளியூர்க்காரர்கள் கடல் பார்க்க இறங்கியிருந்தார்கள். நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் இறந்தவர்கள் ஏறத்தாழ ஆறாயிரம் பேர்.

இதைப் போய் இசை என்று சொல்லலாமா? இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் ஒரு கழகம் கதவைத் திறக்கக் கூடாது.

நான் வந்து சேர்ந்த இடம் இது. நம் ஊரில் இசை இனிமைக்கு மட்டும் பட்டா எழுதிக் கொடுத்த நிலமாக இருந்ததில்லை. சாவு வீட்டில் பறை அடிக்கிறது. பெண்கள் வட்டமாக உட்கார்ந்து, ஒருவர் தோளை ஒருவர் பிடித்துக்கொண்டு ஒப்பாரி வைக்கிறார்கள். அதில் சுருதி உண்டு, அடி உண்டு, எடுப்பும் முடிப்பும் உண்டு. யாரும் கைதட்டுவதில்லை. கழகம் கேட்கப் போகும் இசைக்கு அந்த வட்டம்தான் முன்னோடி, சபா அரங்கம் அதற்கு ஒத்துவராது.

இன்னொரு கணக்கும் போட்டேன். பூமி மொத்தமாக விரிந்து சுருங்குகிற அந்த இருபது நிமிட அசைவு மிக மெதுவாகத்தான் அடங்கும். பத்து நாளைக்கு மூன்றில் ஒரு பங்கு குறையும். பதினாறாம் நாள் காரியம் நடந்த வீடுகளில் சடங்கு முடித்து ஆட்கள் எழுந்தபோது, அந்தச் சுரம் இன்னும் ஏறத்தாழ பாதி வலுவோடு கீழே ஒலித்துக்கொண்டிருந்தது. மாதக் கணக்கில் கருவிகளுக்குக் கேட்டுக்கொண்டே இருந்தது. துக்கத்தைப் பூமியும் காத்தது என்று எழுதினால் அழகாக இருக்கும். அப்படி எழுத எனக்கு மனம் வரவில்லை. பூமிக்குத் துக்கம் தெரியாது. நமக்குத் தெரியும். அந்தச் சுரத்தைக் கேட்பவர் இறந்தவர்களின் பெயர்களையும் சேர்த்துக் கேட்க வேண்டும் என்பதை மட்டும் கழகத்தின் விதியாக எழுதி வைத்திருக்கிறேன்.

கேட்பது கடமையாகவும் ஆகிறது. அன்று இந்தியப் பெருங்கடலுக்கு எச்சரிக்கை ஏற்பாடு எதுவும் கிடையாது. செய்தி தரைக்குள் ஓடியது, எடுத்துச் சொல்ல ஆள் இல்லை. 2007-ல் ஹைதராபாத்தில் சுனாமி முன்னெச்சரிக்கை மையம் வந்தது. அங்கே இரவு ஷிப்டில் திரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பவர்களைக் கழகத்தின் மூத்த ஆசிரியர்களாகவே நினைத்துக்கொள்கிறேன்.

*

நிலநடுக்கம் இல்லாத நாளில் பூமி என்ன செய்கிறது?

அப்போதும் ஒலிக்கிறது. 1998-ல் ஜப்பானிய விஞ்ஞானிகள் இதைக் கண்டுபிடித்தார்கள். அண்டார்க்டிகாவில் அவர்களுடைய சியோவா நிலையத்தில் ஒரு ஈர்ப்புமானி இருந்தது. இந்த வகைக் கருவியில், திரவ ஹீலியத்தால் குளிர்வித்த கலத்துக்குள், ஓர் அங்குல விட்டமுள்ள நயோபியம் உருண்டை ஒன்று காந்த விசையில் எதையும் தொடாமல் மிதக்கும். ஈர்ப்பு விசை பத்தாயிரம் கோடியில் ஒரு பங்கு மாறினாலும் உருண்டை அதை உணரும். பெரிய நிலநடுக்கம் எதுவும் இல்லாத நாட்களின் பதிவைச் சேர்த்துப் பார்த்தபோது, சில நிமிடங்களுக்கு ஒரு முறை என்ற கணக்கில் பூமி விடாமல் அசைந்துகொண்டிருப்பது தெரிந்தது. யார் மீட்டுகிறார்கள் என்பது 2004-ல் தெளிவானது. கடல்தான். வடக்கே குளிர்காலமானால் வட பசிபிக், தெற்கே குளிர்காலமானால் தென் கடல்கள். புயலடிக்கும் பக்கத்தில் அலைகள் கடலடியை அழுத்தி அழுத்தி எடுக்க, உருண்டை முழுவதும் முனகுகிறது. தம்புரா மாதிரிதான். பாட்டு வந்தாலும் வராவிட்டாலும் பின்னால் ஒலித்துக்கொண்டிருக்கும், கவனித்தால்தான் இருப்பது தெரியும். கை மட்டும் ஆறு மாதத்துக்கு ஒரு முறை மாறுகிறது.

இதே கடலை நம் நாட்டில் முன்பே கேட்டுக்கொண்டிருந்தவர் ஒருவர் உண்டு. சுதான்சு குமார் பானர்ஜி. கல்கத்தாவில் இளம் ஆய்வாளராக இருந்த நாட்களில் இரண்டு உருண்டைகள் மோதும்போது எழும் ஓசையை ஆராய்ந்தவர். பிறகு பம்பாய் கொலாபா வானாய்வகத்துக்கு வந்தார். தென்மேற்குப் பருவத்தில் அரபிக் கடல் கொந்தளிக்கும்போதும், புயல் நெருங்கும்போதும், நிலநடுக்கமானியின் ஊசி நிற்காமல் நடுங்கியது. எந்த நிலநடுக்கத்தையும் சேராத அந்தச் சிறு நடுக்கத்தைப் பிழையென்று தள்ளாமல், அலையின் அழுத்தத்தோடு சேர்த்துப் படித்து 1930-ல் கட்டுரையாக வெளியிட்டார். ஓசையில் பழகிய காது ஒன்று தரைக்கு வந்ததால்தான் இது நடந்தது என்று எனக்குத் தோன்றுகிறது. பின்னாளில் அவர் இந்திய வானிலைத் துறையின் முதல் இந்தியத் தலைவரானார். கழகத்தில் ஒருவர் படம் மட்டும் மாட்டலாம் என்றால் அவருடையதை மாட்டுவேன்.

*

கைவேலை இல்லாத படிப்பில் எனக்கு நம்பிக்கை குறைவு. ஆகவே இரண்டாம் பருவத்தில் கடம் வனையும் மானாமதுரை.

சக்கரத்தில் வனைந்து இறக்கியதும் கடம் கடமாகிவிடாது. உள்ளே ஒரு கையால் கல்லை அணை கொடுத்து, வெளியே மரப்பலகையால் தட்டித் தட்டிச் சுவரை இறுக்க வேண்டும். ஈரம் கொஞ்சம் போகும், மறுபடி தட்டு. இன்னும் போகும், மறுபடி தட்டு. சுவர் ஓரிடத்தில் தடித்து ஓரிடத்தில் மெலிந்தால் நாதம் ஊருக்கு ஊர் மாறும் பேச்சாகிவிடும். தட்டும் கைக்குத்தான் தெரியும் எங்கே போதும் என்று. சூளையில் வெந்து வந்த பிறகு சுருதியை ஏற்றவோ இறக்கவோ அதிகம் இடமில்லை. வித்வான் தனக்கு வேண்டிய சுருதியில் எது பேசுகிறதோ அதைத் தேடி எடுத்துக்கொள்வார். மண் எந்தச் சுருதியைத் தந்ததோ அதுவே அந்தப் பானையின் ஆயுள் முழுவதற்கும். சென்னைக் கடத்தை விட மானாமதுரைக் கடம் கனம். விரல் தாங்க வேண்டும். அங்கே வாழ்நாள் முழுவதும் மண் தட்டிய மீனாட்சி அம்மாளுக்குச் சங்கீத நாடக அகாதமி விருது கிடைத்தது. அப்படி ஒரு விருதாவது இந்த மண்ணுக்கு வந்ததே என்று மகிழ்ந்தேன்.

மாணவர்கள் கடம் வாசிக்கக் கற்க வேண்டியதில்லை. ஒன்றை மட்டுமாவது தட்டி முடிக்க வேண்டும்.

*

பெல்லாரிக்குப் பக்கத்தில் குப்கல் என்ற குன்று. கறுத்த டோலரைட் பாறை வரிசையாக ஏறுகிறது. சில பாறைகளில் வழவழப்பாகத் தேய்ந்த குழிகள் இருக்கின்றன. கல்லால் அங்கே தட்டினால் உலோகம் போல நாதம் எழும். சுற்றிலும் பாறையில் கீறிய மாட்டு உருவங்கள், புதிய கற்கால மக்கள் விட்டுப்போனவை. குழி விழுவதற்கு எத்தனை தலைமுறைக் கைகள் தட்டியிருக்க வேண்டும்! அந்தக் குன்றைக் கல்குவாரிகள் நெருங்கிவிட்டன என்று அகழ்வாராய்ச்சியாளர்கள் எழுதியதைப் படித்த நாளில் நோட்டில் வேறு எதுவும் எழுதத் தோன்றவில்லை.

தொல்காப்பியம் ஒவ்வொரு திணைக்கும் உரிய கருப்பொருளைச் சொல்லும்போது தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை என்று எண்ணிக்கொண்டு போய், பறையையும் யாழையும் அதே வரிசையில் வைக்கிறது. அந்த நிலத்தில் எந்த மரம் முளைக்கிறதோ அப்படியே எந்தப் பறை ஒலிக்கிறது என்பதும். பாடத்திட்டம் எழுத உட்காரும் எவரும் முதலில் இந்த வரிசையின் முன் கொஞ்ச நேரம் நிற்க வேண்டும்.

*

உலகத்தில் கழகத்துக்கு மிக நெருங்கி வந்த இடம் அலாஸ்காவில் இருக்கிறது. ஃபேர்பேங்க்ஸ் பல்கலைக்கழக அருங்காட்சியகத்தில் ஒரு சிறு அறை, 2006-ல் திறந்தது. இசையமைப்பாளர் ஜான் லூதர் ஆடம்ஸ் அமைத்தார். பகல், இரவு, நிலவின் நிலை, வடதுருவ ஒளி, நிலத்தின் நடுக்கம் எல்லாம் அந்தந்த நேரத்துத் தரவுகளாக வந்து ஓசையாகவும் நிறமாகவும் மாறிக்கொண்டிருக்கும். நில அதிர்வு தாழ்ந்த முழக்கமாக வரும். ஒலிப்பதிவு எதுவும் ஓடுவதில்லை, அந்தக் கணத்தில் பூமி இருக்கும் நிலைதான் இசை. போனவர்கள் எழுதியதைப் படித்தாலே நெஞ்சு நிறைகிறது. நான் வேறுபடுவது ஒரு இடத்தில்தான்: அந்த அறையில் பூமி நம் காதுக்கு இறங்கி வருகிறது. கழகத்தில் காது கீழே போக வேண்டும்.

2020-ல் ஊரடங்கின்போது மனிதர்கள் எழுப்பும் அதிர்வு பாதி வரை குறைந்ததாக உலகெங்கும் உள்ள கருவிகள் காட்டின. பஸ், ரயில், ஆலை, கூட்டம் எல்லாம் நின்றதும், மற்ற நாளில் மூழ்கிப்போகும் சிறு நடுக்கங்கள் துலக்கமாகத் தெரிந்தன. அந்த மாதங்களை யாரும் மறுபடி விரும்பமாட்டோம். ஆனாலும் நகரத்துக்கு அடியில் என்ன இருக்கிறது என்பது ஒரு முறை தெரிந்துவிட்டது.

*

இரண்டாம் வருடப் பாடத்தைப் பற்றி ஒன்று.

அந்த 54 நிமிடச் சுரம் உண்மையில் ஒற்றைச் சுரம் இல்லை. பூமி சுழல்வதால் அது ஐந்தாகப் பிரிந்துவிடுகிறது. ஐந்தும் ஒன்றுக்கொன்று மிக நெருக்கம். சற்றே விலகிய இரண்டு சுருதிகள் சேர்ந்து ஒலித்தால் ஓசை ஏறி இறங்குவதை இசை தெரிந்த எவரும் உணர்ந்திருப்பார்கள். இந்த ஐந்தில் பக்கத்துப் பக்கத்துச் சுரங்கள் அப்படி ஒரு முறை ஏறி இறங்க, என் கணக்குப்படி ஏறத்தாழ 60 மணி நேரம் ஆகும். இரண்டரை நாள். ஒருவர் விழித்திருந்து கேட்கக் கூடியதில்லை.

அதனால் வகுப்பு முறைவைத்துத்தான் நடக்கும். ஒருவர் உட்காருவார், அவர் எழும்போது அடுத்தவர் பாயில் இருக்க வேண்டும். நடுவே இடைவெளி விழக் கூடாது. கொலாபாவிலும் கொடைக்கானலிலும் நிலநடுக்கமானியின் தாளை நாள்தோறும் மாற்றி, தேதி எழுதி, அடுக்கி வைத்தவர்கள் செய்ததும் இதைத்தான். தான் தாள் மாற்றிய நாளில் பெரிதாக ஒன்றும் வராமலே ஓய்வு பெற்றவர்கள் அவர்களில் எத்தனையோ பேர் இருந்திருப்பார்கள்.

முறைப் பட்டியலைப் போட்டுப் பார்த்தேன். ஆளுக்கு இரண்டு மணி நேரம் என்றால் ஒரு ஏற்ற இறக்கத்துக்கு முப்பது பேர் வேண்டும். முதல் முப்பது இடங்களை நாகை மாவட்டக் கடற்கரை ஊர்களுக்கு ஒதுக்கி எழுதியிருக்கிறேன். வயது வரம்பு போடவில்லை. இரவு முறைக்கு வருகிறவர்களுக்குச் சாப்பாடு யார் கொண்டுவருவது என்பது இன்னும் எழுதப்படாமல் இருக்கிறது.